இடம் மாறும் வலி

முள்ளியவளைச் சந்திக்குச் சற்று முந்திய வளைவில் கிறேஸின் சைக்கிள் நிற்கவில்லை. பின் கரியரில் ஒரு பெட்டி நிறைய இறாலும் மணலை மீனும் இருந்தன. எதிரே நெல்மூட்டை ஏற்றிய மாட்டுவண்டில் வந்தது. அவள் ஹாண்டிலை வேலிப் பக்கம் ஒடித்தாள். வேலியில் நட்டிருந்த கிளுவங்கதியாலில் மோதிச் சைக்கிள் ஒரு பக்கமும் அவள் ஒரு பக்கமுமாக விழ, மீன் முழுவதும் புழுதியில் கொட்டுண்டது. வண்டில்காரர் இறங்கிவந்து அவளைத் தூக்கி இருத்திவிட்டு, இறாலை ஒவ்வொன்றாகப் பொறுக்கிப் பெட்டியில் போட்டுக் கொடுத்தார். அது 1993ஆம் ஆண்டு பங்குனி மாதம்.

வீட்டுக்கு வந்ததும் பிரேக் கட்டை தேய்ந்துவிட்டதென்று கணவன் ஸ்ரீபனிடம் சொன்னாள். அவன் சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பார்த்தான். கட்டை புதிது. கம்பியும் இறுக்கமாகவே இருந்தது.

"பிரேக்கில ஒண்டுமில்லை. நீ பிடிச்சனியோ?"

பிடித்ததாகத்தான் அவள் நினைத்திருந்தாள். இப்போது கையை விரித்து மூடிப் பார்த்தாள். வலக்கை விரல்கள் பாதி வரை வந்து நின்றுவிட்டன. விரல் மொளிகள் நாலும் பழுத்த நாவற்பழம்போல வீங்கிக் கிடந்தன. காலையில் கிணற்றுக் கப்பியில் கயிறு இழுத்தபோதும் வலித்தது. அதை அவள் கணக்கில் எடுக்கவில்லை.

கிறேஸுக்கு அப்போது இருபத்துநாலு வயது. பிறந்தது முல்லைத்தீவுக் கரையில், மீன்பிடிக் குடும்பத்தில். தொண்ணூறில் சண்டை தொடங்கி, கரையோரம் முழுவதும் ஷெல் விழ, ஊரோடு எழும்பி முள்ளியவளைக்கு வந்தவர்களில் அவளும் ஒருத்தி. அடுத்த ஆண்டு ஸ்ரீபனைக் கட்டினாள். யாரோ ஒருவருடைய தென்னங்காணியில் கிடுகுக் கொட்டில். கடலுக்குப் போக முடியாத காலம் அது. ஸ்ரீபன் வற்றாப்பளைப் பக்கத்திலிருந்து நந்திக்கடலில் வள்ளம் இறக்கி இறால் பிடித்தான். பிடித்ததைக் கரையில் நின்ற வியாபாரிக்குக் கொடுக்காமல் தானே கொண்டுபோய் விற்பதென்று கிறேஸ் தீர்மானித்தாள். அந்தப் பகுதியில் பொம்பிளை ஒருத்தி சைக்கிளில் மீன்பெட்டி கட்டி விற்றது அதுதான் முதல். முள்ளியவளை, தண்ணீரூற்று, சில நாட்களில் புதுக்குடியிருப்பு வரைக்கும் போவாள். இருந்த இடத்தில் ஐந்து நிமிடம் இருக்கமாட்டாள். தேத்தண்ணியைக் கூட நின்றுகொண்டுதான் குடிப்பாள்.

அப்படிப்பட்டவளுக்கு வந்த வருத்தமும் ஓரிடத்தில் நிற்கவில்லை. இன்றைக்கு வலக்கை. நாளைக்கு அது சுகமாகி இடது முழங்கால். நாளையின்றைக்கு இரண்டு குதிக்கால்களும். வெய்யிலில் போய் வந்தால் கன்னம் இரண்டும் மூக்குத்தண்டும் அடித்து வைத்ததுபோலச் சிவந்துவிடும். வாய்க்குள் வலியில்லாத புண்கள் வந்தன. தலை வாரினால் சீப்போடு முடி கற்றையாக வந்தது. இடைக்கிடை காய்ச்சல்.

ஐந்து இடத்துக்கும் அவள் ஐந்து பேரிடம் போனாள். மூட்டு வலிக்கு நாட்டுவைத்தியம் பார்க்கும் பரியாரியார் வாதமென்று சொல்லி எண்ணெய் கொடுத்தார். முகத்துக்குப் பாமசிக்காரர் ஒரு களிம்பு கொடுத்தார். வாய்ப்புண் வயிற்றுச் சூடென்று அயலில் சொன்னார்கள். முடி கொட்டுவதற்குக் கிளினிக்கில் சிவப்புக் குளிசை தந்தார்கள். காய்ச்சலுக்கு மலேரியாக் கந்தோரில் விரலில் குத்தி இரத்தம் எடுத்தார்கள். வன்னியில் காய்ச்சலென்றால் முதலில் மலேரியாதான். கண்ணாடித் துண்டில் கிருமி தெரிகிறதோ இல்லையோ, மூன்று நாளைக்குரிய குளிசைகள் கையில் வரும். கசப்பில் நாக்கு மரத்துப் போகும். கிறேஸ் அவற்றைத் தண்ணீரில்லாமலே விழுங்கிவிட்டுச் சைக்கிளை எடுப்பாள்.

ஒருவரிடம் போகும்போது மற்றதைப் பற்றி அவள் சொல்லவில்லை. பரியாரியாரிடம் போய் வாய்ப்புண்ணைப் பற்றிச் சொல்ல என்ன இருக்கிறது?

இதற்கிடையில் அவளுக்கு வேறொரு துயரமும் இருந்தது. கல்யாணம் கட்டிய அடுத்த வருடம் வயிற்றில் வந்தது மூன்றாம் மாதத்தில் கலைந்தது. தொண்ணூற்றிநாலில் வந்தது ஐந்தாம் மாதம் வரைக்கும் நின்றது. அசைவு தெரியத் தொடங்கி ஒரு கிழமையில் அசைவு நின்றது. மாமியார் லூர்த்தம்மா சைக்கிளைத்தான் குற்றம் சொன்னார்.

"வயித்துப் பிள்ளையோட குண்டும் குழியுமா ஓடித்திரிஞ்சா எந்தப் பிள்ளைதான் நிக்கும்? ஒரு இடத்தில இரடி எண்டா இருக்கிறாளே?"

அடுத்த முறை, தொண்ணூற்றைந்து கடைசியில் மூன்றாவது தடவை நாள் தள்ளியபோது, கிறேஸ் சைக்கிளைத் தொடவில்லை. மீன் விற்கப் போகவில்லை. பாயில் கிடந்தாள். கிடப்பது அவளுக்கு வருத்தத்தை விடக் கொடுமையாக இருந்தது. கொட்டிலின் கூரையில் எத்தனை கிடுகு என்று எண்ணினாள், பிறகு கீழிருந்து மேலாக எண்ணினாள். செய்வதற்கு ஒன்றுமில்லாமல் சுவரில் தொங்கிய கோயில் கலண்டரில் அன்றன்றைக்கு எங்கே நோகிறதோ அதைக் குறித்தாள். கை என்றால் 'கை'. முழங்காலுக்கு 'மு'. வாய்ப்புண்ணுக்கு 'வா'. மலேரியாக் குளிசை குடித்த நாட்களுக்கு ஒரு சிலுவை. பின்னால் நாள் முழுக்க எழும்பித் திரிந்த காலத்திலும் அந்தப் பழக்கம் அவளை விட்டுப் போகவில்லை.

நாலாம் மாதம் கிளினிக்கில் வழமையான இரத்தச் சோதனைக்கு எடுத்தார்கள். முடிவு வந்தபோது மருத்துவமாது இராசமலர் அவளைத் தனியாக மரத்தடிக்குக் கூட்டிப்போனார். இராசமலர் நேராகப் பேசும் மனிசி. அன்றைக்கு மட்டும் குடையின் பிடியைத் திருகிக்கொண்டு நின்றார்.

"கிறேஸ், பயப்பிடாதை. உன்ர இரத்தத்தில ஒரு சின்னப் பிரச்சினை காட்டுது. ஊசி போட்டா மாறிடும். ஸ்ரீபனையும் ஒருக்கா கூட்டிக்கொண்டு வா."

"என்ன பிரச்சினை அக்கா?"

இராசமலர் சுற்றிலும் பார்த்துவிட்டுச் சொன்னார். "மேகவருத்தம்."

கிறேஸுக்கு அந்தச் சொல் தெரியும், படுக்கையால் தொற்றும் வருத்தம். ஊரில் அதை யாரைப் பற்றிச் சொல்வார்களென்றும் தெரியும். அவளுக்கு முதலில் வந்தது ஸ்ரீபன் மேல் கோபம். வேறு யாரிடமிருந்து வந்திருக்க முடியும்? வீட்டுக்கு வரும் வழியெல்லாம் என்ன கேட்பதென்று சொற்களை அடுக்கிக்கொண்டு வந்தாள். அவனிடம் கேட்டும் விட்டாள். ஸ்ரீபன் மறுத்தான். மாதாவின் பெயரால் சத்தியம் பண்ணினான். அடுத்த நாளே போய் இரத்தம் கொடுத்தான்.

இரண்டு கிழமையில் அவனுடைய முடிவு வந்தது. அவனுடைய இரத்தத்தில் ஒன்றுமில்லை.

அதன் பிறகு கொட்டிலுக்குள் கதை குறைந்தது. ஸ்ரீபன் அடிக்கவில்லை, ஏசவில்லை. சாப்பாட்டுக் கோப்பையைக் கழுவி வைத்துவிட்டு வெளியே போய் நிற்பான். ஒரு நாள் வலையைத் தோளில் போட்டவன் திரும்பி நின்று கேட்டான்.

"எத்தினை வீட்டுப் படலை திறந்து மீன் குடுத்தனி. ஆரெண்டு மட்டும் சொல்லு. நான் ஒண்டும் செய்யமாட்டன்."

"ஆருமில்லை."

"அப்ப எப்பிடி வந்தது?"

"எனக்குத் தெரியாது. உண்மையா எனக்குத் தெரியாது."

தெரியாதென்ற அந்தச் சொல்தான் அவளைக் குடைந்தது. தன் உடம்புக்குள் இருப்பது தனக்கே தெரியாமலிருக்கிறது. ஊசி மூன்று கிழமை போட்டார்கள். ஒவ்வொன்றும் இடுப்பில் கல்லாகக் கட்டியது. ஆறாம் மாதத்தில் குழந்தை அசைவற்றுப் பிறந்தது. ஆண்பிள்ளை. ஸ்ரீபன் அதைத் துணியில் சுற்றிக் கொண்டுபோய்ப் புதைத்துவிட்டு வந்தான். முகம் கழுவும்போது அவன் தோள்கள் குலுங்கியதைக் கிறேஸ் பாயில் கிடந்தபடி கண்டாள். அவனைக் கூப்பிட வாய் வந்தும் கூப்பிடவில்லை.

மறுபடி இரத்தம் சோதித்தபோது அதே முடிவு. ஊசிக்கும் அசையவில்லை.

தொண்ணூற்றாறு ஆடியில் முல்லைத்தீவு இராணுவ முகாம் விழுந்தது. கரையாட்கள் கொஞ்சம் கொஞ்சமாகக் கடற்கரைக்குத் திரும்பத் தொடங்கினார்கள். லூர்த்தம்மா சிலாவத்தையில் ஒரு கொட்டில் போட்டார். ஸ்ரீபன் தாயோடு போனான். "அங்க ஒழுங்குபடுத்திப்போட்டு வாறன்" என்று சொல்லிவிட்டுத்தான் போனான். வரவில்லை. கிறேஸும் தேடிப் போகவில்லை.

அவள் மறுபடி சைக்கிளை எடுத்தாள். இப்போது வேறொருவர் பிடித்த மீன். சில வீட்டுப் படலைகள் அவளுக்குத் திறக்கவில்லை. லூர்த்தம்மா யாருக்கோ சொல்லி, அது யாருக்கோ போய், ஊர் முழுக்கத் தெரிந்திருந்தது. முன்பு பெட்டிக்குள் கையை விட்டு மீனைத் தெரிவு செய்த பெண்கள், "இல்லைப் பிள்ளை, இண்டைக்கு மரக்கறி" என்றார்கள். அவள் இன்னும் தூரம் போனாள். தெரியாத ஊர்களுக்குப் போனாள். தலையில் துவாய் சுற்றி, அதற்கு மேல் ஆண்கள் போடும் தொப்பி. வெய்யில் பட்டால் முகம் எரிந்தது.

ஒரு நாள் தண்ணீரூற்றில் மர நிழலில் சைக்கிளைச் சாத்திவிட்டு நின்றபோது, பழைய கலண்டர் தாளொன்றில் சுற்றிவைத்த மிக்சரைப் பிரித்தாள். தாளில் தன் எழுத்தையே கண்டாள். 'கை, கை, மு, கை' என்று ஓடிக்கொண்டிருந்தது. நடுவில் மூன்று சிலுவை. சிலுவைக்குப் பிறகு ஒரு பத்து நாள் அதே கை, அதே கால். பிறகு வெறும் பெட்டிகள். மூன்று கிழமை போல ஒன்றுமே எழுதப்படவில்லை. பிறகு மறுபடி 'கை'.

அவள் மிக்சரைச் சாப்பிடாமல் வீட்டுக்கு ஓடினாள். மிச்சக் கலண்டர்களையும் எடுத்து நிலத்தில் விரித்தாள். மலேரியாக் குளிசை குடித்த ஒவ்வொரு முறையும் இரண்டு கிழமையால் கை விரிந்திருந்தது. காய்ச்சல் அடிக்கடி வந்து அடிக்கடி குடித்த மாதங்களில் நோவே இல்லை. பரியாரியாரின் எண்ணெய்க்கு அப்படி எதுவும் நடந்திருக்கவில்லை.

இதை அவள் யாரிடம் சொல்வாள்? மலேரியாக் கந்தோரில் சொன்னாள். அங்கிருந்தவர் சிரித்தார். "குளிசை வேணுமெண்டா காய்ச்சலோட வா தங்கச்சி." அவள் காய்ச்சலென்று பொய் சொல்லியும் வாங்கினாள். அயல்வீடுகளில் மிஞ்சியதைக் கேட்டும் வாங்கிக் குடித்தாள். ஒரு வருடம் அப்படி ஓடியது.

தொண்ணூற்றேழில் வவுனியாப் பக்கமிருந்து பெரிய சண்டை தொடங்கியது. ரோட்டு மூடியது. மருந்து வருவது குறைந்தது. கண்ணாடித் துண்டில் கிருமி கண்டால் மட்டும் குளிசை என்றானது. கிறேஸின் துண்டில் கிருமி இல்லை. மூன்றாம் மாதம் அவள் பாயிலிருந்து எழும்ப அரை மணித்தியாலம் பிடித்தது. கால் பாதம் வீங்கி, விரலால் அமத்தினால் குழி நின்றது. சிறுநீர் சவர்க்காரத் தண்ணிபோல நுரைத்தது. காலையில் கண்மடல் தடித்துத் திறக்க மறுத்தது. அந்தக் காலோடு அவளால் மிதிக்க முடியவில்லை. உழவு மெசினில் ஏறிப் புதுக்குடியிருப்புக்குப் போனாள். ஒரு கையில் மருந்துத் துண்டுகள் திணித்த சொப்பிங் பை. மறு கையில் சுருட்டிய மூன்று கலண்டர்கள்.

அங்கே அந்த நாட்களில் நோயாளர் பார்த்தவர் டொக்டர் நிறஞ்சனா. கிறேஸின் வயதுதான் இருக்கும். சண்டையால் இடம்பெயர்ந்து வந்த சனம் முழுவதும் அவருடைய வாசலில் நின்றது. கிறேஸின் முறை வந்தபோது பகல் ஒரு மணி தாண்டியிருந்தது. டொக்டர் காலைப் பார்த்தார், எழுதியபடியே கேட்டார்.

"எத்தினை நாளாக் கால் வீங்குது?"

"கால் மூண்டு மாசம் டொக்டர். ஆனா..."

"மூத்திரம் போறது குறைவோ?"

"டொக்டர், நான் முழுக்கச் சொல்ல வேணும்."

"அம்மா, வெளியில எண்பது பேர் நிக்கினம்."

"ஒவ்வொருத்தரும் ஒவ்வொரு துண்டைத்தான் கேட்டவை. கையைக் கேட்டவை, வாயைக் கேட்டவை. ஆரும் என்னை முழுசாக் கேக்கேல்லை. எனக்கு இண்டைக்கு மருந்து தராட்டிலும் பறுவாயில்லை. கேளுங்கோ."

கிறேஸ் மேசையில் கலண்டர்களை விரித்தாள். மற்றவர்களுடைய துண்டுகள் கீழே விழுந்தன. தாதி சத்தம் போட்டாள். டொக்டர் கையைக் காட்டித் தாதியை நிறுத்தினார். பிரேக் பிடிக்காத நாளிலிருந்து கிறேஸ் தொடங்கினாள். விரல், முழங்கால், வெய்யில், வாய், முடி. மூன்று பிள்ளைகள். இரத்தச் சோதனை சொன்ன அந்தச் சொல்லை மட்டும் குரலைத் தாழ்த்திச் சொன்னாள். ஸ்ரீபனின் இரத்தம் சுத்தமென்பதையும் சொன்னாள். கடைசியாகச் சிலுவைகளைக் காட்டினாள்.

"இது மலேரியாக் குளிசை. இதைக் குடிச்சா எனக்குக் கை விரியுது. ஏனெண்டு தெரியாது."

டொக்டரின் பேனை நின்றுவிட்டது. அவர் கலண்டரைத் தன் பக்கம் இழுத்து, சிலுவையிலிருந்து விரலால் பெட்டி பெட்டியாக எண்ணிக்கொண்டு போனார். பிறகு எழும்பி வந்து கிறேஸின் முகத்தை யன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பினார். வாயைத் திறக்கச் சொன்னார். சிறுநீரைக் கொதிக்க வைத்துப் பார்க்கச் சொன்னார். கண்ணாடிக் குழாய்க்குள் அது முட்டை வெள்ளைக்கருபோலத் திரண்டது.

"இருங்கோ கிறேஸ்," என்றார். அம்மா என்பது போய்ப் பெயராகியிருந்தது. "இதுக்கு லூபஸ் எண்டு பேர். நான் படிக்கேக்க ரெண்டு பேரைத்தான் கண்டனான். எங்கட உடம்புக்குள்ள வாற கிருமியோட சண்டை பிடிக்க ஒரு காவல் இருக்கு. உங்கட காவல் உங்கட உடம்பையே பிற ஆளெண்டு நினைக்குது. அது இரத்தத்தோட ஓடுறபடியா ஒரு இடத்தில நிக்காது. மூட்டுக்குப் போகும், தோலுக்குப் போகும், இப்ப சிறுநீரகத்துக்கு வந்திருக்கு. எல்லாம் ஒரே வருத்தம். மலேரியாக் குளிசை அந்தக் காவலைக் கொஞ்சம் அடக்கும், அதாலதான் உங்களுக்குக் கை விரிஞ்சது."

"பிள்ளையளும்?"

"இந்த வருத்தக்காரரில சிலருக்கு இரத்தம் லேசாக் கட்டும். கொப்பூழ்க்கொடியால பிள்ளைக்குப் போறது தடைப்படும். அப்பிடித்தான் நடந்திருக்கு எண்டு நினைக்கிறன்."

கிறேஸ் பழைய இரத்தச் சோதனைத் துண்டை எடுத்து டொக்டர் பக்கம் தள்ளினாள். டொக்டரே சொன்னார்.

"அந்த இரத்தச் சோதனை மேகவருத்தத்தின்ர கிருமியை நேர பாக்கிறேல்லை. இரத்தத்தில இருக்கிற வேற ஒரு சாமானைப் பாக்குது. அந்தக் கிருமி வந்தாலும் அது இருக்கும். லூபஸ் வந்தாலும் இருக்கும். உங்களுக்கு அந்த வருத்தம் வரவே இல்லை எண்டுதான் நான் நினைக்கிறன்."

"நினைக்கிறியளோ, தெரியுமோ?"

டொக்டர் அவளைப் பார்த்தார். "நினைக்கிறன். தெரியவேணுமெண்டா வேற சோதனை இருக்கு. இஞ்ச இல்லை. வவுனியாவுக்குப் போகவேணும்."

டொக்டர் ஸ்டீரொயிட் குளிசையும், மலேரியாக் குளிசையில் நாளுக்கு ஒன்றும் கொடுத்தார். கை பத்து நாளில் விரிந்தது, கால் வற்றியது. கிறேஸ் ஆறவில்லை. மருந்து வேலை செய்கிறதே, இனி என்ன அவசரமென்று இராசமலர் கேட்டார். "எனக்குத் தெரியவேணும் அக்கா" என்றாள். வன்னியை விட்டு வெளியே போக, அங்கே ஆட்சி செய்த இயக்கத்திடம் பாஸ் எடுக்க ஒரு மாதம் அலைந்தாள். செஞ்சிலுவைச் சங்கத்தின் நோயாளர் வாகனத்தில் இடம் கிடைக்க இன்னொரு மாதம். தடைமுகாமில் ஒரு சிப்பாய் அவளுடைய துண்டைத் தலைகீழாகவும் நேராகவும் பார்த்துவிட்டு, "மொகக்த லெடே?" என்று கேட்டான். என்ன வருத்தமென்று கேட்கிறான் என்பது விளங்கியது. கிறேஸுக்குச் சிங்களம் தெரியாது. கையைக் காட்டினாள், முகத்தைக் காட்டினாள், காலைக் காட்டினாள். அவன் குழம்பிப்போய்க் கையசைத்து விட்டுவிட்டான்.

வவுனியாவில் அவள் நாற்பத்துமூன்று நாள் இருந்தாள். இரத்தம் கொழும்புக்குப் போனது. முடிவு வரும்வரை வாட்டின் இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு நடந்தாள். மற்ற நோயாளருக்குத் தண்ணீர் அள்ளிக் கொடுத்தாள். "இரும் பிள்ளை, தலை சுத்துது உன்னைப் பாக்க" என்று பக்கத்துக் கட்டில்காரி சொன்னாள். ஆறாம் கிழமை கடிதம் வந்தது. லூபஸ் இருந்தது. மேகவருத்தம் இல்லை, ஒருபோதும் இருந்ததுமில்லை.

திரும்பி வந்ததும் டொக்டர் நிறஞ்சனா அந்த ஆங்கிலக் கடிதத்தின் கீழே தமிழில் நாலு வரி எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுத்தார். கிறேஸ் அதை மடித்துக்கொண்டு அன்றே சிலாவத்தைக்குப் போனாள்.

ஸ்ரீபன் கடற்கரைக் கொட்டிலான வாடிக்குள் கிழிந்த வலை பொத்திக்கொண்டிருந்தான். அவளைக் கண்டதும் எழும்பப் போய், எழும்பாமல் இருந்தான். மருந்தால் அவள் முகம் வட்டமாக ஊதியிருந்தது. அவனுக்கு முதலில் ஆளை அடையாளம் தெரியவில்லையோ என்று அவள் நினைத்தாள். லூர்த்தம்மா குசினியிலிருந்து கையைத் துடைத்தபடி வந்தார்.

கிறேஸ் நின்றபடியே நாலு வரியையும் வாசித்தாள்.

"கடுதாசியில எதையும் எழுதலாம்," என்றார் லூர்த்தம்மா.

"ஓம் மாமி. முதல் வந்ததும் கடுதாசிதான். அதை மட்டும் எப்பிடி நம்பினனீங்கள்?"

ஸ்ரீபன் கையை நீட்டினான். கடிதத்தை வாங்கித் தானே வாசித்தான். அவன் வாசிப்பது மெதுவு. இரண்டாம் முறையும் வாசித்தான்.

"அப்ப அந்த மூண்டு பிள்ளையளும்?"

"அதுகளும் இந்த வருத்தத்தாலதான்."

"சைக்கிளால இல்லை?"

"இல்லை."

அவன் கடிதத்தை முழங்காலில் வைத்துக்கொண்டு கடலைப் பார்த்தான். "நான் கடைசிப் பொடியனைத் தாட்ட இடத்தில ஒரு அடையாளமும் வைக்கேல்லை," என்றான். "வேணுமெண்டுதான் வைக்கேல்லை. ஆரின்ர பிள்ளையோ எண்டு நினைச்சன்." சொல்லிவிட்டு முகத்தை வலைக்குள் புதைத்துக்கொண்டான்.

கிறேஸ் அழவில்லை. அவனை மன்னித்துவிட்டாளா என்று அவளுக்கே தெரியவில்லை. "நான் உங்களைக் கூட்டிக்கொண்டு போக வரேல்லை. தெரியாமல் இருக்கக்கூடாதெண்டுதான் வந்தனான்," என்று சொல்லிவிட்டுக் கடிதத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு நடந்தாள்.

ஸ்ரீபன் ஒன்றரை மாதத்துக்குப் பிறகு வந்தான். முதலில் ஞாயிறுகளில் மட்டும் வந்தான். குளிசை தட்டுப்பாடான காலங்களில் ஒட்டுசுட்டான், விசுவமடு என்று ஒவ்வொரு பாமசியாக ஏறி இறங்கி வாங்கி வந்தான். பிறகு ஒரு நாள் வலைகளோடு வந்தான். கிறேஸ் ஒரு மூலையை ஒதுக்கிக் கொடுத்தாள். அந்த ஆறாம் மாதத்துப் பிள்ளையைப் புதைத்த இடத்தை இருவரும் போய்த் தேடினார்கள். பற்றை மண்டிக் கிடந்தது, சரியான இடம் பிடிபடவில்லை. ஒரு மரத்தடியில் நின்று செபம் சொல்லிவிட்டு வந்தார்கள்.

இன்னொரு பிள்ளை வேண்டாமென்று டொக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். சிறுநீரகம் தாங்காது. ஸ்ரீபன் உடனே ஓம் என்றான். கிறேஸ் அப்படி லேசில் ஓம் என்று சொல்லவில்லை. ஒவ்வொரு கிளினிக்கிலும் வேறு வேறு சொற்களில் அதே கேள்வியைக் கேட்டாள். "அப்ப ஒரு வருசம் நல்லா இருந்தா?" "அஸ்பிரின் குடிச்சுக்கொண்டிருந்தா?" டொக்டர் ஒவ்வொரு முறையும் அதே பதிலைச் சொன்னார். கடைசியில் அவள் கேட்பதை விட்டாள். நினைப்பதை விட்டாளோ தெரியாது.

அந்த வேகம் வேறு பக்கம் திரும்பியது. மீன் விற்கப் போன வீடுகளில் மூட்டு நோகுதென்று யார் சொன்னாலும் சைக்கிளைச் சாத்திவிட்டுக் குறுக்குக் கேள்வி கேட்பாள். "வாயில புண் வருமோ? வெய்யிலுக்கு முகம் சிவக்குமோ? முடி கொட்டுமோ?" ஓம் என்றால் கையோடு டொக்டரிடம் இழுத்து வருவாள். முதல் வருடத்தில் பதினொரு பேரைக் கொண்டுவந்தாள். ஒருவருக்கும் லூபஸ் இல்லை. ஒருத்திக்கு வெறும் சளிக்காய்ச்சல்.

"கிறேஸ், எல்லாருக்கும் உங்கட வருத்தமில்லை," என்று டொக்டர் ஏசினார். "சனத்தைப் பயப்பிடுத்தாதேங்கோ."

பன்னிரண்டாவதாக வந்தவர் விசுவமடுவில் நெல் செய்த விமலேஸ்வரி. யாழ்ப்பாணத்திலிருந்து வந்து குடியேறிய குடும்பம், நாலு பிள்ளைகள். வாதமென்று இரண்டு வருடமாக எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். கிறேஸ் அவருடைய வீட்டுக்கு மூன்று முறை போனாள். மூன்றாம் முறைதான் அவர் வரச் சம்மதித்தார். கொதிக்க வைத்த சிறுநீர் கண்ணாடிக் குழாய்க்குள் திரண்டபோது டொக்டர் நிறஞ்சனா கிறேஸைத் திரும்பிப் பார்த்தார். விமலேஸ்வரிக்கு லூபஸ் நேரத்தோடு கண்டுபிடிக்கப்பட்டது. அடுத்த போகத்துக்கு அவர் வயலில் இறங்கினார்.

இரண்டாயிரத்தோராம் ஆண்டு நடுவில் டொக்டர் நிறஞ்சனா மாற்றலாகிப் போனார். போகும் நாளில் கிறேஸின் துண்டுகளையெல்லாம் ஒரு ஃபைலில் போட்டுக் கொடுத்தார். அடுத்த மாதம் அவள் போனபோது கதிரையில் புதிய டொக்டர், இருபத்தேழு இருபத்தெட்டு வயது மதிக்கத்தக்க பொடியன். வெளியே சனம் வழமைபோல முற்றம் வரைக்கும் நின்றது. அவளுடைய காலில் மறுபடி லேசான வீக்கம் காட்டத் தொடங்கியிருந்தது.

டொக்டர் நிமிராமலே கேட்டார். "எங்க அம்மா நோகுது?"

கிறேஸ் கதிரையை மேசைக்குக் கிட்ட இழுத்துப் போட்டுக்கொண்டு இருந்தாள்.

"ஒரு இடமெண்டு சொல்ல ஏலாது டொக்டர். பேனையைக் கீழ வைச்சிட்டுக் கேளுங்கோ. முதல்ல கைதான் நொந்தது."